மூச்சு வாங்கும் இடங்கள்

படம் ருக்ஸாந்தாவுடையது.
நான் ஒலி மட்டும்.
யார் கேட்டாலும் அப்படித்தான் சொல்கிறேன்,
சொன்னால் பாரம் குறையும் என்பது போல.

கிஷினாவில் ஒரு நாலாம் மாடி, பிப்ரவரி.
ஹீட்டர் உறுமியது, அணைத்தேன்.
ஃப்ரிட்ஜையும் பிடுங்கினேன்.
திரும்பச் செருக மறக்காமலிருக்க
கார் சாவியை அதற்குள்ளேயே வைத்தேன்,
வெண்ணெய்க்குப் பக்கத்தில்.
எங்கள் தொழிலில் பழைய உபாயம்.
அதைப் பார்த்து அவள் சிரித்தாள்.
அந்தச் சிரிப்பு என்னிடம் இல்லை.
அப்போது இன்னும் பொத்தானை அழுத்தியிருக்கவில்லை.

முகம் வேண்டாம் என்றாள்.
கையும் வேண்டாம், பிளந்த நகத்தை ஊருக்கே தெரியும்.
ஆகவே நாலு மணி நேரம்
ஒரு சன்னல் திரையைப் படம்பிடித்தோம்.

பாத்திரம் கழுவும் வேலை என்றார்களாம்.
போய் இறங்கியதும் ஒரு நோட்டு.
அதில் பயணச் செலவு, சோப்பு,
தின்ற ரொட்டி, தின்னாத ரொட்டி,
அவளைக் கிடத்திய படுக்கையின் விரிப்புக்கு
நாள் வாடகை.
"எவ்வளவு சம்பாதித்தாலும் கடன் ஏறியது.
கணக்கில் நான் கெட்டிக்காரி, தெரியுமா,
பள்ளியில் பரிசு வாங்கியிருக்கிறேன்."

ஒவ்வொரு வாக்கியத்துக்கும் முன்னால்
பல்லிடுக்கில் காற்றை உறிஞ்சுவாள்,
சுடுகஞ்சியை ஆற்றுகிறவளைப் போல.

குரலை மாற்றினேன்.
இறக்கி இறக்கி, கடைசியில்
ஆணா பெண்ணா தெரியாத ஏதோ ஒன்று
கிணற்றடியிலிருந்து கணக்கு வாசித்தது.
மூச்சை மாற்றவில்லை.
மூச்சுக்கு அடையாளம் உண்டென்று
எனக்குத் தோன்றவில்லை.
இருபது வருட அனுபவம்.

"என் ஊரிலும் போடுங்கள்," என்றாள்,
"நான் வரமாட்டேன்."

ப்ரூத் ஆற்றங்கரை. கலாச்சார மன்றத்தின் கூரை ஒழுகியது.
அறுபது பேர், கழற்றாத மேல்கோட்டுகள்,
சூரியகாந்தி விதை கொறிக்கும் சத்தம்
தகரத்தில் தூறல் மாதிரி.
நாற்காலி தூக்கிப் போட உதவியவள் பராஸ்கோவியா.
மினிபஸ் டிக்கெட் அவளிடம்தான் வாங்க வேண்டும்,
போலந்தோ இத்தாலியோ, எங்கே போவதானாலும்.
இரண்டாம் வரிசையில் நடுவில் உட்கார்ந்தாள்.

திரைச்சீலை அசைந்தது.
"டிக்கெட் எடுத்துக் கொடுத்தது," என்றது கிணறு,
"என் ஞானத்தாய்."
கொறிப்பது நின்றது.
யாரும் யாரையும் பார்க்கவில்லை.
பராஸ்கோவியா மட்டும்
உள்ளங்கையில் இருந்த தொலிகளை
மெதுவாகப் பைக்குள் போட்டுக்கொண்டாள்.

அப்புறம்தான் அந்த இருமல்.
ஏழாம் வரிசை, பச்சைத் தலைத்துணி.
சளி இருமல் அல்ல, எனக்குத் தெரியும்.
சரியாக அவள் காற்றை உறிஞ்சும் இடத்தில்
ஓர் இருமல். அடுத்த உறிஞ்சலுக்கு அடுத்தது.
முதல் தடவையாகப் பார்க்கிற படத்தில்
மூச்சு எங்கே வரும் என்று
முன்கூட்டியே தெரிந்த ஒருத்தி.
ஒன்றுகூடத் தப்பவில்லை.
யாரோ "தண்ணீர் கொடுங்கள்" என்றார்கள்.
வேண்டாமென்று கையசைத்துவிட்டு இருமினாள்.
ஐம்பத்திரண்டு நிமிடம்
தன் தொண்டையால் மகளைப் போர்த்தினாள்.

கைதட்டல் கொஞ்சம். உதவி எண் அச்சடித்த சீட்டுகள்
மேசையிலேயே கிடந்தன.
ருக்ஸாந்தா வாசலில் நின்று சிகரெட்டைப் பற்றவைக்காமல் பிடித்திருந்தாள்.
எண்ணிப் பார்த்தபோது நாலு சீட்டு குறைந்தது.
யார் எடுத்தார்கள், எதற்கு, தெரியாது.
பராஸ்கோவியாவும் எடுத்திருக்கலாம்.

நான் கேபிளைச் சுற்றிக்கொண்டிருந்தேன்.
பச்சைத் தலைத்துணி பக்கத்தில் வந்தது.
எங்கே இருக்கிறாள் என்று கேட்கவில்லை.
யார் என்றும் கேட்கவில்லை.
குரல் அடியோடு கம்மிப்போயிருந்தது.
"அந்த அறையில்," என்றாள்,
"கணப்பு இருந்ததா?"

இருந்தது என்றேன்.

இரவோடு இரவாக வண்டியில் உட்கார்ந்து
மூச்சுகளை ஒவ்வொன்றாக வெட்டினேன்.
முந்நூற்றுப் பதினாலு.
அடுத்த ஊரில் அந்தக் குரல்
மூச்சே விடாமல் பேசியது.